வீட்டில் தின்றது

ஜூன் முப்பது இரவு
உன் நிலத்தில் எத்தனை செம்மறிகள் மூச்சுவிட்டன
என்று உருகுவே அரசு கேட்கும்.
சத்தியம் செய்து எழுதித் தரவேண்டும்.
ஜூலைக் குளிரில், தக்குவாரெம்போவின் வடகோடி அலுவலகத்தில்
அந்தச் சத்தியங்களைக் கணினியில் ஏற்றுகிறவள் நான்.
இல்டா சுகாஸ்தி. இருபத்தெட்டுக் குளிர்காலம்.

கிடா, பெட்டை, காயடித்தது, பல் விழாத குட்டி.
அப்புறம் போனவை:
விற்றது, செத்தது, திருட்டுப்போனது.
ஓரத்தில் ஒடுங்கிய ஒரு கட்டம்,
மூன்று இலக்கத்துக்கு மேல் கொள்ளாது:
வீட்டில் தின்றது.

மேலே இருப்பவர்களுக்கு அது ஒரு பொருட்டில்லை.
அவர்கள் கேட்பது கப்பலேறிய டன்,
கம்பளி விலை சரிந்த ஆண்டு,
காயடித்த கிடாவின் இடத்துக்குக் கனத்த குட்டி வந்த ஆண்டு.
நான் தட்டித் தந்த எண்களில்தான் அந்தக் கோடு இறங்கியது,
படியில் இறங்குவது போல அல்ல,
பாசியில் கால்வைத்தது போல.

ஒலெகாரியோ பெந்தான்கூர்.
இருநூற்றுப் பத்து ஹெக்டேர், பாதி கருங்கல்.
நான் வேலைக்குச் சேர்ந்த வருடம் அவர் எழுதியது 58.
வாரத்துக்கு ஒன்று, மிச்சம் ஆறு.
அந்த ஆறைப் பற்றி ஒரு மதியம் முழுக்க யோசித்தேன்:
ஒரு ஞானஸ்நானம், ஒரு தேர்தல்,
மயிர் கத்தரிக்க வந்த ஆட்கள் நான்கு நாள்.

பிறகு 51.
மூத்தவன் வாஷிங்டன் பட்டாளத்துக்குப் போயிருந்தான்.
இங்கே அப்படியும் பெயர் வைப்பார்கள், ஒருவரும் சிரிப்பதில்லை.
37. தெல்மிரா ஸ்பெயினில் யாரோ கிழவர்களைக்
குளிப்பாட்டப் போனாள்.
நடுவில் ஒருமுறை 40: மழையில்லை,
வாங்க ஆளில்லாத எலும்பும்தோலும் அடுப்புக்கு வந்தன.
அப்புறம் 22, வெகுகாலம்.
இரண்டு பேருக்கு ஓர் ஆடு பதினாறு நாள்.
முதல் நாள் ஈரல், பிறகு தொடை,
கடைசியில் கழுத்து, பூசணியோடு கொதித்து.
அவர் சொன்னதில்லை.
அப்போது நானும் அப்படித்தான் சமைத்தேன்.

ஒரு ஜூலையில் 9.
எண்ணைத் தட்டிய பிறகுதான்
சாட்சி வரியைப் பார்த்தேன்.
எல்பிதியா என்ற கோணல் கையெழுத்து இல்லை.
அதற்கு வேறு பத்திரம், வேறு அலுவலகம்.
எங்கள் 'செத்தது' ஆடுகளுக்கு மட்டும்.

நிலத்தை யூகலிப்டஸ் கம்பெனிக்குக் குத்தகை விட்டார்.
வீட்டைச் சுற்றி முப்பது ஹெக்டேர், அறுபத்தொரு பெட்டை.
நாய்த்தொல்லை தாங்கவில்லை,
அடுத்த வருடத்தோடு சரி என்றார்.

இந்த வருடப் பத்திரம்:
இருப்பு 0. விற்றது 0. செத்தது 0.
வீட்டில் தின்றது 61.

தொலைபேசியில் கூப்பிட்டேன்.
கட்டம் மாறி விழுந்திருக்கு, தோன் ஒலெகாரியோ.
ஒத்த ஆள் அறுபத்தொண்ணு தின்ன முடியாது.

ஒத்த ஆள்னு யார் சொன்னது?
மரம் நட வந்த பசங்க பதினாலு பேர்,
பாதி கியூபா, பாதி வெனிசுவேலா.
கம்பெனி போடுறது வெறும் சோறு.
மொதல் ராத்திரி உறைபனியில கைய கக்கத்துல வச்சுகிட்டு நின்னானுங்க.
கூப்பிட்டேன்.

அப்போ வித்ததுன்னு போடவா?

காசு வாங்கினாத்தான் வித்தது.
என் மேசையில உக்காந்தா வீடு. எழுதும்மா.

பின்னால் யாரோ சொற்களின் வாலை விழுங்கிச் சிரித்தான்.
தட்டில் எலும்பைத் தட்டும் சத்தம்.
மூளை உள்ளே ஒட்டிக்கொண்டிருக்கும் எலும்பு அப்படித்தான் ஒலிக்கும்.

சத்தியப் பத்திரம். திருத்த எனக்கு அதிகாரமில்லை.
எழுதினேன்.

மார்ச்சில் மொந்தெவீதெயோவிலிருந்து ஆண்டறிக்கை வந்தது.
கோடு மறுபடி கீழே, இருப்பும் கறியும்.
உருப்பெருக்கிக் கண்ணாடி வைத்துத் தேடினேன்.
அறுபத்தொன்றைவிட மையின் தடிமன் அதிகம்.
அடிக்குறிப்பில், பொடி எழுத்தில்:
வீட்டு நுகர்வு, உத்தேசம்.

மணி பன்னிரண்டரை.
சாப்பாட்டு டப்பாவைத் திறந்தேன். கோழி.
எங்கள் வீடு கோழிக்கு மாறி ஆறு வருடம்.
அதை யாரும் சத்தியம் செய்து கேட்கவில்லை.